இவருக்கு உள்ளே கேட்ட சத்தம்

நீத்துப்பெட்டியில் பிட்டு அவிந்துகொண்டிருந்தது. இவர் வந்து குசினி வாசலில் நின்றார். வெறும் மேல், நெற்றி நிறையத் திருநீறு. முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம். மகள் பிறந்த அன்றைக்குப் பிறகு அந்த முகத்தை நான் கண்டதில்லை.

"இஞ்சேரும்," என்றார். "எனக்குக் கேட்டிட்டுது."

"என்ன கேட்டது?"

நான் கேட்டது அவருக்குக் கேட்கவில்லை. வழக்கம்போலத் தொண்டை கிழியக் கத்தினேன். "என்ன கேட்டதெண்டு கேக்கிறன்!"

"உள்ள," என்றார் நெஞ்சைத் தொட்டு. "உள்ள கேக்குது. நாதம்."

எனக்கு வந்த எரிச்சலைச் சொல்லி மாளாது. இரண்டு முழத் தூரத்தில் நின்று கதைக்கிற பெண்சாதியின் குரல் கேட்காத மனுசனுக்கு, உள்ளுக்குள் நாதம் கேட்கிறதாம். பிட்டை இறக்கி வைத்துவிட்டு, "தேங்காய்ப்பூ வேணுமோ, நாதமே போதுமோ?" என்று கேட்டேன். அதுவும் அவருக்குக் கேட்கவில்லை. சிரித்துக்கொண்டே போய்க் கதிரையில் இருந்துவிட்டார்.

பத்திரிகையில் வாரத்துக்கு ஒன்றாக இந்தத் தொடரை எழுதத் தொடங்கியபோது இவர் எனக்கு ஒரேயொரு நிபந்தனை போட்டிருந்தார். "ஊரைப் பற்றி எழுதும், பள்ளிக்கூடத்தைப் பற்றி எழுதும், என்னை மட்டும் விட்டிடும்." இத்தனை கிழமையும் வாக்குத் தவறவில்லை. போன கிழமை அவரே வந்து, "அந்தச் சத்தத்தின்ரை கதையை எழுதுமன். சனம் ஆளுக்கொரு மாதிரிக் கதைக்குது. நீர் எழுதினால் உள்ளபடி இருக்கும்," என்றார். இப்படி ஒரு அனுமதி கிடைத்த பிறகு நான் சும்மா இருப்பேனா?

ஐந்து வாசல்

புளியங்கூடலில் எங்கள் ஒழுங்கையில் ஆள் இருக்கிற வீடுகளைவிடப் பூட்டிய வீடுகள்தான் கூட. பிள்ளைகள் வெளிநாட்டில். வாய் திறந்து கதைக்க எனக்கு மிஞ்சியிருப்பது இரண்டே பேர். ஒருவர் இவர். மற்றவர் வேலிக்கு அந்தப் பக்கம் ஆடு வளர்க்கிற சரசக்கா. சரசக்காவுடன் கதைத்தால் ஆட்டைப் பற்றித்தான் கதைக்கலாம்.

நாதம் கேட்பதற்குச் சில மாதத்துக்கு முன்னால்தான் கோயில் மடத்தில் யோக வகுப்பு ஆரம்பித்தது. படிப்பித்தவர் நாற்பது வயது மதிக்கத்தக்க ஒரு தம்பி. கிழமை நாட்களில் யாழ்ப்பாணத்தில் வங்கி வேலை. ஞாயிற்றுக்கிழமையில் வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு மோட்டார் சைக்கிளில் வந்து இறங்குவார். நல்ல பிள்ளை, ஒரு சதம் வாங்குவதில்லை.

முதல் நாள் நானும் போனேன். எங்களுக்குள் இருக்கிற உயிர்ச்சக்தி கண், காது, மூக்கு, நாக்கு, தோல் என்ற ஐந்து வாசலாலும் நாள் முழுக்க வெளியே ஓடிக்கொண்டிருக்கிறது என்று அந்தத் தம்பி சொன்னார். ஓடுவதை நிறுத்தி, மூச்சை மெல்லப் பழக்கி, அதை உள்ளே திருப்பி முதுகந்தண்டின் வழியே மேலே ஏற்றினால் தன்னைத் தான் அறியலாம். அந்த வழியில் போகிறவர்களுக்கு உள்ளே நாதம் என்ற சத்தம் கேட்கத் தொடங்கும். சிலருக்கு வண்டு, சிலருக்குக் குழல், சிலருக்கு மணி, சிலருக்குக் கடல் இரைச்சல்.

நான் மனையியல் படிப்பித்தவள். எனக்கு ஐம்புலன் என்றால் கறிக்கு உப்புக் கூடியதைச் சொல்கிற நாக்கும், சோறு அடிப்பிடித்ததைச் சொல்கிற மூக்கும்தான். வாசல் ஐந்தையும் சாத்திவிட்டால் அடுப்பை யார் பார்ப்பது? அடுத்த கிழமை நான் போகவில்லை.

இவருக்கோ, அந்தத் தம்பி பக்கத்தில் இருத்திக் காதுக்குள் கத்திச் சொல்லிக் கொடுத்ததில், அது பிடித்த பிடி விடவில்லை. "அந்தத் தம்பி சொல்லுறது சரியப்பா," என்றார். "ஓடுற இஞ்சினை ஒரேயடியாப் பின்னுக்கு எடுக்கேலாது. முதல்ல வேகத்தைக் குறைச்சு, சும்மா ஓட விட்டு, பிறகுதான் திருப்பவேணும். மூச்சும் அப்பிடித்தான்."

நெல்லு மூட்டை வைக்கிற சின்ன அறையைத் தானே கூட்டிக் கழுவினார். பாயை விரித்தார். விடியப் போய் இருந்தால் வெயில் முற்றத்துக்கு வரும்வரை எழும்பமாட்டார்.

மணி அடித்தால் போதும்

இவருடைய தொழிலைச் சொல்லாவிட்டால் இந்தக் கதை விளங்காது. குறிகட்டுவானிலிருந்து நயினாதீவுக்கும் நெடுந்தீவுக்கும் ஓடுகிற படகுகளில் முப்பது வருடத்துக்கு மேல் இஞ்சின்காரராக இருந்தவர். பயணிகள் கடலைப் பார்த்துக்கொண்டு போவார்கள். இவருக்குக் கடல் தெரியாது. கீழே டீசல் மணக்கும் இரும்புக் கிடங்குக்குள் இஞ்சினோடு இஞ்சினாக இருப்பார்.

மேலே சுக்கான் பிடிப்பவர் கத்தினால் கீழே கேட்காது. ஆகையால் ஒரு கயிறு. மேலே இழுத்தால் கீழே மணி அடிக்கும். ஒரு அடி என்றால் புறப்படு, இரண்டு என்றால் பின்னுக்கு எடு. கடைசிக் காலத்தில் இவர் மணி தொங்கிய தகட்டில் எந்நேரமும் ஒரு கையை வைத்திருப்பாராம். பழக்கதோசம் என்று மற்றவர்கள் நினைத்தார்கள். அந்த மணிச்சத்தம் காதுக்கு எட்டாமல், தகட்டின் அதிர்வைக் கையால் பிடித்துத்தான் இவர் படகு ஓட்டியிருக்கிறார் என்பது ஓய்வுபெற்ற பிறகுதான் எனக்கே தெரியும்.

வீட்டிலும் அதே முறையைக் கொண்டுவந்தோம். சாப்பாடு தயார் என்றால் பானை மூடியில் அகப்பையால் ஒரு தட்டு. படலையில் யாரும் வந்தால் இரண்டு தட்டு. விடாமல் தட்டினால் எனக்குக் கோபம் என்று அர்த்தம். சம்சாரம் நடத்த அது போதுமானதாகத்தான் இருந்தது. ஆனால் நான் ஒரு கனவு கண்டேன், பக்கத்துக் காணியில் மயில் வந்து நின்றது, மகள் போனில் அழுதாள் என்பதையெல்லாம் எந்தத் தட்டால் சொல்வது?

காது வைத்தியரிடம் போவோம், ஒரு மெசின் பூட்டினால் எல்லாம் கேட்கும் என்று எத்தனையோ தரம் சொல்லியிருந்தேன். "பாப்பம், பாப்பம்" என்பார். நாதம் கேட்ட பிறகு அந்தப் பாப்பமும் போய்விட்டது.

"மெசினைப் போட்டால் வெளிச்சத்தம் முழுக்க உள்ள வந்திடும்," என்றார். "பிறகு இது கேக்காது. இது போதும் எனக்கு."

அன்றைக்கு எனக்கு அழுகை வந்தது. இவர் ஆண்டவனைத் தேடி உள்ளே போவதில் எனக்கு மறுப்பில்லை. போகிறவர் படலையைச் சாத்திக்கொண்டல்லவா போகிறார். வெளியே நிற்கிற நான் யாரோடு கதைப்பேன்?

ஆடு கிடைத்தது

ஞாயிறு வகுப்பில் இவர் விசயத்தைச் சொல்லிவிட்டார். தம்பிக்குச் சந்தோசம் தாங்கவில்லை. "என்ன மாதிரி ஐயா கேக்குது?" என்று இவர் காதுக்குள் கத்திக் கேட்டார். தூரத்தில் கடல் இரைகிற மாதிரி, விடாமல், ஒரே சீராக என்று இவர் சொன்னார். "சிலருக்கு வருசக்கணக்கா இருந்தும் வாறேல்லை ஐயா," என்று அந்தப் பிள்ளை இவர் கையைப் பிடித்துக்கொண்டது.

பிறகென்ன? ஊர் முழுக்கப் பேச்சு. முதல் ஆளாக வந்தவர் சரசக்கா. அவருடைய மறியாடு ஒன்று முதல் நாளிலிருந்து காணாமல் போயிருந்தது.

"உள்ள கேக்கிறவருக்கு என்ரை ஆடு எங்க நிண்டு கத்துதெண்டு கேக்காதோ?" என்றார்.

நான் அதைக் கத்திச் சொன்னேன். இவர் கண்ணை மூடி யோசித்துவிட்டு, "வடக்கால பாருங்கோ அக்கா," என்றார். பின்னேரம் ஆடு வடக்கே பற்றைக்குள் கண்டுபிடிக்கப்பட்டது. அதற்குப் பிறகு எங்கள் படலையில் செருப்புகள் கூடின. ஒருவர் மகனின் விசா கிடைக்குமா என்று கேட்க வந்தார். இன்னொருவர் காணி வழக்கு. இவர் எல்லோருக்கும் "பொறுமையா இருங்கோ" என்று ஒரே மருந்தைக் கொடுத்தார். எனக்கோ வருகிறவர்களுக்குத் தேத்தண்ணி ஊற்றியே கை ஓய்ந்தது.

பகிடி ஒருபக்கம் கிடக்கட்டும். இவர் மாறித்தான் இருந்தார். முன்கோபம் போயிருந்தது. தேத்தண்ணிக்குச் சீனி குறைந்தால் கோப்பையைத் தள்ளிவிடுகிற மனுசன் இப்போது குடித்துவிட்டுக் கோப்பையையும் கழுவி வைத்தார். அதைப் பார்த்து எனக்குச் சந்தோசமும் வந்தது, பொறாமையும் வந்தது. நான் எவ்வளவு காலம் கத்தித் திருத்த ஏலாததை ஒரு இரைச்சல் வந்து திருத்திவிட்டதே!

நடுக்கடலில்

நயினாதீவு அம்மனுக்கு எனக்கு ஒரு நேர்த்திக்கடன் இருந்தது. ஒரு வெள்ளிக்கிழமை இருவருமாகப் புறப்பட்டோம். பஸ்சில் குறிகட்டுவான், அங்கிருந்து படகு. இறங்குதுறையில் எல்லோருக்கும் இவரைத் தெரியும். சுக்கான் பிடிக்கிற அண்ணை, "மேல வந்து இருங்கோ, உங்களுக்கென்ன கீழ வேலை?" என்று கையைப் பிடித்து ஏற்றினார். ஓய்வுபெற்ற பிறகு இவர் பயணியாகப் படகில் ஏறியது அதுதான் முதல் தடவை.

படகு புறப்பட்டது. காற்று நன்றாக இருந்தது. பூமாலைக் கூடைகளும் அரிசிப் பைகளுமாகச் சனம் நெருக்கியடித்து இருந்தது. இவர் பலகையில் சம்மணம் கட்டிக் கண்ணை மூடிவிட்டார். படகிலும் தொடங்கிவிட்டார் என்று நினைத்துக்கொண்டு நான் கூடையைப் பிடித்திருந்தேன்.

பாதிக் கடலில் ஒரு உதறல். படகின் அடியில் சுற்றுகிற விசிறியில் பழைய வலைக்கயிறு ஏதோ சிக்கிவிட்டது. இஞ்சின் திணறி நின்றது.

இஞ்சின் நின்றால் கடலில் எப்படியொரு அமைதி வரும் என்பது படகில் போனவர்களுக்குத் தெரியும். தண்ணீர் பலகையில் மோதுகிற சத்தம் மட்டும். கதைத்துக்கொண்டிருந்தவர்களும் வாயை மூடிவிட்டார்கள். கீழே இருந்த இஞ்சின்காரப் பையன் கத்தியோடு மேலே ஏறி வந்து பின்பக்கமாகத் தண்ணீருக்குள் குதித்தான். எல்லோரும் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

இவர் கண் திறக்கவில்லை. இஞ்சின் ஓடும்போது ஆடுகிற மாதிரித் தலையை லேசாக ஆட்டிக்கொண்டிருந்தார். பிறகு, இஞ்சின் இரைச்சலுக்கு மேலால் கத்துகிற அதே குரலில், அந்த அமைதிக்குள் கத்தினார்.

"இஞ்சின் நல்ல சீரா ஓடுது! ஆர் இப்ப கீழ நிக்கிறது?"

படகிலிருந்த அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். யாரோ ஒரு பொம்பிளை சிரித்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார். பதில் வராததால் இவர் கண்ணைத் திறந்தார். சனத்தின் முகங்களைப் பார்த்தார். கடலைப் பார்த்தார். படகுக்குப் பின்னால் நுரை இல்லை. ஈரம் சொட்டச் சொட்டப் பையன் வலைக்கயிற்றை இழுத்துக்கொண்டு கிடந்தான்.

இவர் இரண்டு கைகளாலும் காதுகளைப் பொத்தினார். எடுத்தார். மறுபடியும் பொத்தினார். பிறகு என்னைப் பார்த்தார்.

"நிண்டிட்டுதோ?" என்று மிகவும் மெதுவாகக் கேட்டார்.

நான் தலையை ஆட்டினேன்.

அந்த முகத்தை என்னால் எழுத ஏலாது. காது வைத்தியரிடம் போகச் சொல்லி இவ்வளவு காலம் நான் போட்ட சண்டையில் அந்த நிமிசம் எனக்குத்தான் வெற்றி. ஆனால் கோயிலுக்குப் போய் அம்மன் முன்னால் நின்றபோது, என்ன கேட்பதென்று தெரியாமல் அழுதேன். நேர்த்திக்குக் கொண்டுபோன சேலையைக் கொடுத்துவிட்டு, "இவரின்ரை சத்தத்தைத் திருப்பிக் குடு தாயே" என்றுதான் கடைசியில் கேட்டேன்.

பாய்

அடுத்த நாள் இவர் அந்த அறைக்குப் போகவில்லை. அதற்கடுத்த நாளும் போகவில்லை. பாயைச் சுருட்டி அலுமாரிக்குப் பின்னால் நிறுத்திவிட்டார். யாரும் படலைக்கு வந்தால் கொல்லைப்பக்கம் போய்விடுவார். கோபமில்லை, சண்டையில்லை. கோப்பையை மட்டும் கழுவி வைத்தார்.

நான் மெசினைப் பற்றி வாயே திறக்கவில்லை. ஒருநாள் அவராகவே, "அந்த வைத்தியரிட்டைப் போவமே?" என்றார்.

யாழ்ப்பாணத்தில் வைத்தியர் காதைப் பரிசோதித்துவிட்டு, நிதானமாக ஒவ்வொரு சொல்லாக விளங்கப்படுத்தினார். இஞ்சின் சத்தம் காதின் உட்பக்கத்தைத் தின்றுவிட்டது. கேட்காத காது தானாகவே ஒரு இரைச்சலைப் போட்டுக்கொண்டிருக்கிறது. அது முழுதாகப் போகாது. மெசின் போட்டால் மற்றச் சத்தங்கள் கேட்கும், இதன் கரைச்சலும் தொந்தரவும் குறையும்.

"எனக்கு அது கரைச்சல் இல்லை டொக்டர்," என்றார் இவர். வைத்தியர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன்.

மெசின் வந்து சேர்ந்த கிழமையிலேயே யோக வகுப்புக்கு ஆண்டு நிறைவு. பின்னேரம் மடத்தில் கூட்டம், அவல், வாழைப்பழம், சுண்டல். உங்கள் அனுபவத்தைச் சொல்லவேண்டும் என்று அந்தத் தம்பி வெகு நாளைக்கு முன்னமே இவரிடம் கேட்டிருந்தார். படகில் நடந்தது மடத்தில் பாதிப்பேருக்குத் தெரியும். தெரியாத மாதிரி இருந்தார்கள். "போகவேண்டாம், காய்ச்சல் எண்டு சொல்லுறன்," என்றேன். இவர் சேட்டு ஒன்றைப் போட்டுக்கொண்டு புறப்பட்டுவிட்டார்.

எழும்பி நின்றார். காதில் புதிய மெசின்.

"எல்லாரும் மன்னிக்கவேணும்," என்றார். "எனக்குக் கேட்டது நாதமில்லை. பழைய இஞ்சின். காது பழுதாப்போச்சுது, அதுதான் இரையுது."

பின்வரிசையிலிருந்து சரசக்கா எழும்பினார். "அப்ப என்ரை ஆடு?"

"அது எப்பவும் வடக்காலதானே போறது அக்கா."

மடமே சிரித்து உருண்டது. இவர் திடுக்கிட்டுக் காதைத் தொட்டுப் பார்த்தார். அத்தனை பேர் சேர்ந்து சிரிக்கிற சத்தத்தை அவர் கேட்டு எவ்வளவு காலம்! பிறகு தானும் சிரித்தார். சிரிப்பு அடங்கும்வரை நின்றார்.

"ஒண்டு மட்டும் சொல்லிப்போட்டு இருக்கிறன்," என்றார். "அந்தச் சத்தத்துக்குள்ள முப்பது வருசம் வேலை செய்தனான். எப்ப நிக்கும், எப்ப கரைக்குப் போவம் எண்டுதான் ஒவ்வொரு நாளும் இருந்தனான். இந்தக் கொஞ்சக் காலம்தான் அதே சத்தத்தோட சண்டை பிடிக்காமல் இருந்தனான். சத்தத்தை நாதமெண்டு நினைச்சது பிழை. ஆனால் நான் சும்மா இருந்தது உண்மை. அது பொய்யில்லை."

அந்தத் தம்பி வந்து இவர் பக்கத்தில் நின்றார். கண் கலங்கியிருந்தது. "இது கேக்கும் அது கேக்கும் எண்டு சொல்லித் தந்தது நான்தான் ஐயா," என்றார். "அதைச் சொல்லாமல் விட்டிருக்கலாம்."

கையில்

மறுநாள் விடிய நான் அடுப்பு மூட்டிக்கொண்டிருந்தேன். அலுமாரிக்குப் பின்னாலிருந்து பாய் உரசி வெளியே வருகிற சத்தம் கேட்டது. நான் திரும்பவில்லை. திரும்பினால் அழுதுவிடுவேன் என்று தெரியும்.

இவர் குசினி வாசலுக்கு வந்தார். மெசினைக் காதிலிருந்து கழற்றி என் உள்ளங்கையில் வைத்தார். "கொஞ்ச நேரம் வைச்சிரும்," என்றார். "வந்து வாங்குறன்."

அறைக்கதவை மெல்லச் சாத்தினார். மெசின் இவர் காதுச் சூட்டோடு இருந்தது. கீழே விழுந்துவிடுமென்று விரல்களை மூடினேன். உடனே என் கைக்குள்ளிருந்து கீச்சென்று மெல்லிய சத்தம் ஒன்று வந்தது. பயந்து விரித்தேன், நின்றது. மூடினேன், மறுபடியும் வந்தது. கையில் பொத்தினால் அந்தச் சாமான் அப்படித்தான் கத்துமாம், அது எனக்குப் பிறகுதான் தெரியும். அன்றைக்கு ஒன்றும் தெரியாமல், அடுப்படியில் குந்தியிருந்து, அந்தக் கீச்சொலியைக் கேட்டுக்கொண்டே இருந்தேன். தண்ணீர் கொதித்து அடங்கிவிட்டது.

மறுபடி தண்ணீர் கொதிக்க வைத்துத் தேத்தண்ணி ஊற்றிய நேரம் வெயில் முற்றத்துக்கு வந்தது. இவர் வெளியே வந்தார். கையை நீட்டி மெசினை வாங்கிக் காதில் பூட்டிக்கொண்டு, கதிரையை இழுத்து என் முன்னால் போட்டு இருந்தார்.

"சரி," என்றார். "இனிச் சொல்லும்."

கலியாணம் கட்டி இவ்வளவு காலத்தில் இவர் என்னிடம் அப்படிக் கேட்டதேயில்லை. சொல்வதற்கு எனக்குள் எவ்வளவு கிடந்தது! கனவு, மயில், மகளின் அழுகை, படகில் நான் பட்ட பாடு, அம்மனிடம் நான் கேட்டது.

"தேத்தண்ணி ஆறுது," என்றேன். நான் கத்தாமல்தான் சொன்னேன்.

"ஆறட்டும்," என்றார். "நீர் சொல்லும்."